கடிபடாத தொடை எலும்பு

மலைக்காட்டுக் குகை ஒன்றில் ஒரு குரங்குக் கூட்டம் இருந்தது. அந்தக் குகையில் ஒருகாலத்தில் நியாண்டர்தால் என்ற ஆதிமனிதர்கள் வாழ்ந்தார்களாம். இப்போது அவர்களுடைய எலும்புகள்தான் மிச்சம்.

கூட்டத்தின் தலைவர் நெடுவாலர். அவருக்கு ஆராய்ச்சி என்றால் உயிர். ஒரு மண்டையோட்டின் நெற்றியை வாலால் அளந்துவிட்டு, "சின்ன நெற்றி, மேட்டுப் புருவம். சுத்த மடையர்கள்" என்று தீர்ப்பே சொல்லிவிட்டார். அவருடைய நெற்றி அதில் பாதிகூட இல்லை. ஆனால் தலைவர் நெற்றியை யார் போய் அளப்பது?

அன்று கூட்டம் வேறு காட்டுக்குக் கிளம்பவேண்டிய நாள். காலொடிந்தவர்களை விட்டுவிட்டுப் போவது அவர்கள் வழக்கம். இந்தத் தடவை மரத்திலிருந்து விழுந்து காலொடிந்து கிடந்தவள் கொன்றை. தனியாக விட்டால் சிறுத்தை தின்றுவிடும் என்று கெஞ்சினாள். பாவம், யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

நெடுவாலர் மண்டையோட்டின் மேலேயே ஏறி உட்கார்ந்து விளக்கம் கொடுத்தார். முடியாதவர்களைச் சுமப்பது அறிவாளிகள் வேலை இல்லை, அறிவில்லாததால்தான் இந்த எலும்புக்காரர்கள் அழிந்தார்கள், அறிவிருப்பதால் நாம் இருக்கிறோம் என்றார். எல்லாரும் கைதட்டினார்கள்.

மூலையில் முள்ளி என்ற முள்ளம்பன்றி அந்த மனிதர்களில் ஒருவருடைய தொடை எலும்பைக் கொறித்துக்கொண்டிருந்தாள். எலும்பு விஷயத்தில் அவளை மிஞ்ச ஆளில்லை.

"சே, நடுவில் இந்த முடிச்சு பல்லுக்கு மசியவே மாட்டேன் என்கிறது. ஒடிந்து மறுபடி கூடின எலும்பு" என்று சலித்துக்கொண்டாள்.

கொன்றை தலையைத் தூக்கினாள். "ஒடிந்த பிறகும் அவர் உயிரோடு இருந்தாரா அக்கா?"

"வருஷக்கணக்கில் இருந்திருக்கிறாரடி. கூடின இடம் கல்லாகக் கிடக்கிறது."

"அப்படியானால், நடக்கமுடியாமல் கிடந்த நாளெல்லாம் அவருக்குத் தின்னக் கொடுத்தது யார்?"

திருடித் தின்றிருப்பார் என்றார் நெடுவாலர். ஒற்றைக் காலோடா என்று கேட்டாள் முள்ளி. குரங்குகள் ஒவ்வொருவராகத் தங்கள் கால்களைத் தடவிப் பார்த்துக்கொண்டார்கள். பிறகு போய்க் கொன்றையைச் சுற்றி உட்கார்ந்துவிட்டார்கள். கிளம்புங்கள் என்று தலைவர் கத்தியும் ஒருவர்கூட அசையவில்லை.

நெடுவாலர் கோபித்துக்கொண்டு தனியாகவே போய்விட்டார். சாயங்காலம் கை நிறைய அத்திப்பழங்களோடு திரும்பி வந்தார். அவற்றைக் கொன்றையின் முன்னால் வைத்தார். காலொடிந்தவர்களைக் காப்பாற்றவேண்டும் என்பது தன் ஆராய்ச்சியின் புதிய முடிவு என்று அறிவித்தார். இதற்கும் எல்லாரும் கைதட்டினார்கள். கொன்றை மட்டும் தட்டவில்லை. அவள் சந்தோஷத்தில் அழுதுகொண்டே பழம் தின்றுகொண்டிருந்தாள்.

ஒருவருடைய அறிவை அவர் நெற்றியில் தேடாதீர்கள். அவர் பக்கத்தில் விழுந்து கிடந்தவர் பிழைத்தாரா என்று பாருங்கள்.