பாக்குவெட்டி முறை

முன்னொரு காலத்தில், பெயரைச் சொன்னால் இன்றைக்கு யாருக்கும் அடையாளம் தெரியாத ஒரு ராஜ்யத்தில், அதிவீர கேசரி என்று ஓர் இளைய ராஜா ஆண்டுகொண்டிருந்தார். நல்ல ராஜா. கோபம் வந்தால் முகத்தைச் சுளிப்பார், அதற்குமேல் ஒன்றும் செய்ய மாட்டார். அவருக்கு மூன்று மூத்த மந்திரிகள். முதல் மந்திரி வில்லவராயர், பொக்கிஷ மந்திரி சேதிராயர், படைக்குத் தளவாய் பல்லவதரையர். மூன்று பேரும் நல்ல கெட்டிக்காரர்கள்தான். ஆனால் சபைக்குள் நுழையும்போது செருப்போடு சேர்த்து அந்தக் கெட்டிக்காரத்தனத்தையும் வாசலிலேயே கழற்றி வைத்துவிட்டு வருவார்கள்.

மழை வரும் என்று ராஜா சொன்னால் "தங்கள் சித்தம், மகாராஜா" என்பார்கள். வராது என்று சொன்னாலும் அதே சித்தம்தான். போன மாதம் ராஜா, பெரிய ஏரியை வற்றவைத்து அதன் நடுவில் ஒரு வசந்த மண்டபம் கட்டப் போகிறேன் என்றார். ஊருக்குச் சோறு போடுகிற ஏரி அது. அதற்கும் மூன்று பேரும் தலையைக் குனிந்து, தங்கள் சித்தம் என்று சொல்லிவிட்டு, வீட்டுக்குப் போய் நன்றாகச் சாப்பிட்டுத் தூங்கினார்கள்.

தூங்காத ஆள் ஒருவர் இருந்தார். சபையின் மூன்றாவது தூணோரம் உட்கார்ந்திருக்கும் விகடகவி செவ்வந்தியப்பன். பெரிய மகாராஜா, அதாவது இந்த ராஜாவின் தகப்பனார் காலத்திலிருந்து அந்தத் தூணோரம் அவருடையது. வாயில் பல் பாதி போய்விட்டது, பேச்சில் கூர்மை மட்டும் போகவில்லை. ஆனால் என்ன செய்ய? இப்போதெல்லாம் அவருக்குச் சிரிக்க வைக்கிற வேலை மட்டும்தான். ஏரியைப் பற்றியோ வரியைப் பற்றியோ அவர் வாயைத் திறந்தால், "விகடனுக்கு மராமத்தில் என்ன வேலை?" என்று வில்லவராயர் கேட்டு அடக்கிவிடுவார்.

பழைய சபை அப்படியா இருந்தது? அதை நினைத்தாலே செவ்வந்தியப்பனுக்கு மனசு எங்கோ போய்விடும். அந்தச் சபையின் சத்தம் யானைக் கொட்டில் வரைக்கும் கேட்கும். மந்திரிகள் தொடையைத் தட்டிக்கொண்டு வாதாடுவார்கள். பெரிய மகாராஜா வெற்றிலையை மடித்துக்கொண்டே, "அட, அப்படியா சொல்கிறீர்" என்று சிரிப்பார். சுக்குத் தண்ணீர் வந்து ஆறிப்போகும், அதைக் குடிக்கக்கூட ஒருவருக்கும் நேரம் இருக்காது. இப்போதைய சபையில் சாமரம் வீசுகிற சத்தம் மட்டும்தான் கேட்கிறது. நல்ல சாமரம், அவ்வளவுதான்.

ஒருநாள் காலையில் ராஜாவுக்கும் அந்த ஏக்கம் வந்துவிட்டது. வெளியே மழை பிடித்திருந்தது. சிறுவயதில் திரைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு தகப்பனாரின் சபையைக் கேட்டுக்கொண்டிருந்தது அவருக்கு நினைவு வந்தது போலும். திடீரென்று மந்திரிகளைப் பார்த்துச் சொன்னார்.

"என் தகப்பனார் காலத்துச் சபையின் சத்தம் எனக்கு வேண்டும். அதே சபை, அதே சத்தம். இசைவாணர்கள் வேண்டாம். அந்தச் சத்தம்தான் வேண்டும்."

மூவரும் தங்கள் சித்தம் என்றார்கள். சொன்ன பிறகுதான் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். செத்துப்போன ராஜாவின் சபையை எங்கிருந்து கொண்டுவருவது? அந்த இக்கட்டிலும் சேதிராயருக்கு ஒரு வழி தெரிந்தது. ராஜா தனியாக அழைத்துப் பேசிச் சிரிக்கிற ஒரே ஆள் செவ்வந்தியப்பன் என்பது அவருக்கு நெடுநாளாக நெஞ்சில் முள்.

அவர் எழுந்து, பழைய சபையிலிருந்து இன்னும் தன் இடத்தைவிட்டு நகராமல் இருப்பவர் விகடகவி ஒருவரே, அந்தச் சத்தத்தை நன்றாக அறிந்தவரும் அவரே, ஆகவே இந்தப் பணி அவருக்கே உரியது என்றார். தளவாய் அதை ஆமோதித்தார். வில்லவராயர் இன்னும் ஒரு படி மேலே போய், வெள்ளிக்கிழமைச் சபைக்குள் செய்து முடிக்காவிட்டால், பழைய மகாராஜா பேரைச் சொல்லிப் பிழைத்தது போதும் என்று விகடகவி ஊரைவிட்டே போய்விட வேண்டும் என்றார். ராஜா மழையைப் பார்த்துக்கொண்டே, யோசிக்காமல், அப்படியே ஆகட்டும் என்று சொல்லிவிட்டார். ஊரைவிட்டுப் போவதென்றால் பெரிய மகாராஜா கொடுத்த வீடும் போகும் என்பது அவர் மனதில் பட்டதாகத் தெரியவில்லை.

செவ்வந்தியப்பன் குடையில்லாமல் நனைந்துகொண்டே வீட்டுக்கு வந்தார். ஏரிக்கரை ஓரத்தில் ஓட்டு வீடு, வாசலில் நாரத்தை மரம். உள்ளே அவர் மனைவி வள்ளியம்மை காலை நீட்டி உட்கார்ந்து பாக்கு வெட்டிக்கொண்டிருந்தாள். நடந்ததைச் சொன்னார். அவள் கையை நிறுத்தவில்லை.

"நான் இந்த வீட்ட விட்டு வரமாட்டேன்" என்றாள்.

"ராஜா உத்தரவு, வள்ளி."

"யார் உத்தரவா இருந்தா என்ன? இந்த மரம் நான் வச்சது. நீங்க வேணா போங்க."

"எதச் சொன்னாலும் வெட்டித்தான் பேசுவியா நீ? நாப்பது வருஷமா ஒரு தடவையாவது ஒட்டிப் பேசியிருக்கியா?"

"நான் வெட்டிப் பேசுனதாலதான் இந்தக் குடும்பம் இன்னும் நிக்குது" என்று அவள் சொல்லி, நறுக்கென்று ஒரு கொட்டைப்பாக்கை இரண்டாக்கினாள்.

செவ்வந்தியப்பன் அவள் கையிலிருந்த பாக்குவெட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கிழவர் சிரிக்க ஆரம்பித்தார். சிரிப்போடு கண்ணிலும் கொஞ்சம் தண்ணீர் வந்தது.

ஏனென்றால் பழைய சபையில் ஒரு முறை இருந்தது. பெரிய மகாராஜாவின் வெற்றிலைத் தட்டில் கிளி மூக்குப் பிடி வைத்த ஒரு வெள்ளிப் பாக்குவெட்டி உண்டு. தினமும் சபை கூடியதும் அவர் அதை எடுத்து ஒருவர் முன்னால் வைப்பார். அன்றைக்கு அவருடைய முறை. ராஜா எதைச் சொன்னாலும் அவர் வெட்டித்தான் பேச வேண்டும். "கூடாது, மகாராஜா" என்று சொல்லி, ஏன் கூடாது என்பதற்குக் காரணமும் சொல்ல வேண்டும். காரணம் சொத்தையாக இருந்தால் மற்றவர்கள் பிடித்துக்கொள்வார்கள், உடனே சபை களைகட்டிவிடும். முறை விகடகவிக்கும் வரும். அன்றைக்குப் பெரிய மகாராஜா வேண்டுமென்றே குறும்பு செய்வார். "செவ்வந்தி, இன்று உமக்கு என் தட்டிலிருந்து தாம்பூலம் தரமாட்டேன்" என்பார். முறைப்படி செவ்வந்தியப்பன், "கூடாது, மகாராஜா" என்று சொல்லித்தான் ஆக வேண்டும். "ஓ, தராமல் இருக்கக் கூடாதோ?" என்று கேட்டுவிட்டு, மடித்த வெற்றிலையைத் தம் கையாலேயே நீட்டுவார். அப்படி ஒரு மனிதர் இனி எங்கே பிறக்கப் போகிறார்?

அவர் போன சில நாளில் அந்தப் பாக்குவெட்டி சபைக்கு வராமல் போயிற்று. எங்கே போயிற்று என்று கேட்கிற தைரியம் செவ்வந்தியப்பனுக்கும் இருந்ததில்லை. அந்தத் துக்கத்தில் அவர் தம் தூணோடு ஒண்டிக்கொண்டுவிட்டார்.

வெள்ளிக்கிழமை சபை நிரம்பி வழிந்தது. விகடன் மூட்டை கட்டுவதைப் பார்க்க வந்த கூட்டம் அது. சேதிராயர் புதுப் பட்டு உடுத்தி வந்திருந்தார். செவ்வந்தியப்பன் தூணைவிட்டு எழுந்து நடுச்சபைக்கு வந்து கும்பிட்டார்.

"மகாராஜா, அந்தச் சத்தத்தைக் கொண்டுவர அடியேனுக்கு இரண்டே இரண்டு பொருள் வேண்டும். பெரிய மகாராஜாவின் பாக்குவெட்டி ஒன்று. தங்கள் திருவாயிலிருந்து உத்தரவு ஒன்று."

பாக்குவெட்டி என்றதும் வில்லவராயரின் முகம் வெளுத்தது. ராஜா கேட்டதற்கு, பொக்கிஷ அறையில் பத்திரமாக இருக்கிறது என்று மெதுவாகச் சொன்னார். ஆள் போய் எடுத்து வந்தான். கறுத்துப்போயிருந்த கிளி மூக்கைச் செவ்வந்தியப்பன் தன் மேல்துண்டால் துடைத்து, மூன்று மந்திரிகளுக்கும் நடுவில் வைத்தார். பிறகு ராஜாவின் அருகில் போய், என்ன உத்தரவு இட வேண்டும் என்பதைச் சொன்னார். ராஜாவுக்கு அதில் தவறு ஒன்றும் தெரியவில்லை. சபைக்குக் கேட்கும்படி சொன்னார்.

"மந்திரிகளே, இந்தப் பாக்குவெட்டி உங்கள் முன்னால் இருக்கும்வரை, நான் எதைச் சொன்னாலும் நீங்கள் 'கூடாது' என்றே சொல்ல வேண்டும். காரணமும் சொல்ல வேண்டும். இது என் உத்தரவு."

"தங்கள் சித்தம், மகாராஜா" என்றார்கள் மூவரும் ஒரே குரலில்.

"மகாராஜா, உத்தரவு இட்டு வாய் மூடுவதற்குள் மூன்று பேரும் அதை மீறிவிட்டார்கள்" என்றார் செவ்வந்தியப்பன்.

கூட்டத்தில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். பல்லவதரையர் பதறிப்போய், அப்படியானால் இந்த உத்தரவு கூடாது, மகாராஜா என்றார். சொல்லிவிட்டு, உத்தரவை மறுத்துவிட்டோமே என்று அவரே நாக்கைக் கடித்துக்கொண்டார். உத்தரவை மறுத்துத்தான் உத்தரவை நிறைவேற்ற முடியும் என்பது அந்த வீரர் தலைக்குள் புகச் சற்று நேரம் பிடித்தது. ராஜாவின் உதட்டோரம் லேசாக அசைந்தது.

செவ்வந்தியப்பன் பணிவாக ஞாபகப்படுத்தினார். அடியேனை ஊரைவிட்டு அனுப்புவது பற்றி மகாராஜா இன்று முடிவு சொல்ல வேண்டுமே என்றார்.

ராஜா ஒரு கணம் அவரைப் பார்த்தார். பிறகு மந்திரிகள் பக்கம் திரும்பினார்.

"விகடகவியை ஊரைவிட்டு அனுப்பிவிடலாம் என்று நினைக்கிறேன்."

சேதிராயர் பாக்குவெட்டியைப் பார்த்தார், கூரையைப் பார்த்தார், புதுப் பட்டைத் தடவிக்கொண்டார்.

"கூ... கூடாது, மகாராஜா" என்றார்.

"ஏன் கூடாது?"

காரணம் சொல்லியாக வேண்டுமே. சேதிராயர் திணறினார். விகடகவி வயதானவர், அவர் மனைவி நன்றாக ஊறுகாய் போடுவார் என்று என்னவோ சொன்னார். இதெல்லாம் ஒரு காரணமா என்று பல்லவதரையர் பிடித்துக்கொண்டார். பிறகு நீர்தான் நல்ல காரணம் சொல்லும் என்று சேதிராயர் சீறினார். தளவாயும் விடவில்லை. போர்க்களத்திலிருந்து துவண்டு வந்த வீரர்களைச் சிரிக்க வைத்தவர் இவர், நானே அன்று சிரித்தேன் என்றார். சொன்ன பிறகுதான் அது உண்மை என்று அவருக்கே ஞாபகம் வந்தது போலிருந்தது. குரல் இறங்கிப்போய்விட்டது.

ராஜா நிமிர்ந்து உட்கார்ந்தார். அவர் முகத்தில் வேறு ஒரு யோசனை ஓடியது.

"நல்லது. ஏரியை வற்றவைத்து வசந்த மண்டபம் கட்டுவது?"

இந்தமுறை ஒருவரும் திணறவில்லை. மூன்று பேரும் ஒன்றாகவே 'கூடாது' என்றார்கள். ஏரி வற்றினால் அதன் கீழ்ப் பாசன நிலங்கள் அத்தனையும் தரிசாகும், அப்புறம் பொக்கிஷத்தில் சிலந்திதான் குடியிருக்கும் என்றார் சேதிராயர். மண்டபத்துக்கு ஒதுக்கியது கோட்டைச் சுவருக்கு வைத்திருந்த கல், அதை யாரைக் கேட்டு எடுத்தீர் என்று தளவாய் அவர்மேல் பாய்ந்தார். நானா எடுத்தேன், கேட்டபோது நீர் வாயை மூடிக்கொண்டிருந்தீரே என்றார் சேதிராயர். வில்லவராயர் இரண்டு பேரையும் கையமர்த்தி, மதகின் பழுதைப் பார்க்காமல் மண்டபம் பேசியதே தப்பு என்று தொடையைத் தட்டினார். மூவரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். சுக்குத் தண்ணீர் கொண்டுவந்தவன் கொடுக்க வழியில்லாமல் நின்றான். அந்தச் சத்தம் சபா மண்டபத்தைத் தாண்டி, யானைக் கொட்டில் வரை போயிற்று. அங்கே கிழட்டு யானை ஒன்று திடீரென்று பிளிறியதாகப் பாகன் அப்புறம் சொன்னான்.

செவ்வந்தியப்பன் கண்ணை மூடிக்கொண்டு நின்றார். அதே சத்தம்தான். பெரிய மகாராஜா மட்டும்தான் அதில் இல்லை.

ராஜாவும் கேட்டுக்கொண்டிருந்தார். சத்தம் சற்று ஓய்ந்ததும் அவர் வில்லவராயரிடம், இதையெல்லாம் ஏன் முன்பே சொல்லவில்லை என்று கேட்டார்.

வில்லவராயர் தலை குனிந்தார். "தாங்கள் பட்டம் ஏறிய மறுநாள், வேட்டைக்குப் போகலாமா என்று கேட்டீர்கள். முறைப்படி, கூடாது, மகாராஜா என்றேன். தங்கள் திருமுகம் சுளித்தது. அன்றே பாக்குவெட்டியைப் பொக்கிஷத்தில் வைத்துவிட்டேன்."

"அன்றைக்கு எனக்குப் பல்வலி, வில்லவராயரே" என்றார் ராஜா.

முதலில் ராஜாவே சிரித்தார், வில்லவராயரும் சிரித்துவிட்டார், அப்புறம் சபை முழுக்கச் சிரிப்பு. ஒரு பல்வலியால் ஒரு ராஜ்யம் வாயை மூடிக்கொண்டிருந்திருக்கிறது. ஏரி அன்று தப்பியது. மண்டப வேலை நின்று, மதகைப் பழுது பார்க்கும் வேலை தொடங்கட்டும் என்று உத்தரவாயிற்று. பாக்குவெட்டி இனிமேல் தினமும் சபைக்கு வரும், முறை எல்லோருக்கும் உண்டு, விகடகவிக்கும் உண்டு என்றும் உத்தரவாயிற்று.

ராஜா சிம்மாசனத்தைவிட்டு இறங்கி வந்து பாக்குவெட்டியை எடுத்தார். அதைச் செவ்வந்தியப்பன் முன்னால் வைத்தார். தகப்பனாரின் வெள்ளி வெற்றிலைத் தட்டையும் கொண்டுவரச் செய்தார்.

"இந்தத் தட்டு உமக்கு. வாங்கிக்கொள்ளும்."

கிழவரின் கை நீண்டது. ஆனால் முன்னால் பாக்குவெட்டி இருக்கிறதே. முறையை மீட்டவரே முதல் நாளே மீறலாமா? நீட்டிய கையை இழுத்துக்கொண்டார்.

"கூடாது, மகாராஜா. பல் போன கிழவனுக்கு வெற்றிலைத் தட்டு எதற்கு?"

சேதிராயருக்கு அந்தப் பதிலில் கொஞ்சம் சந்தோஷம்கூட. ராஜா தட்டைத் தம் பக்கம் இழுத்துக்கொண்டார். குரலைத் தாழ்த்தி, தகப்பனார் சொல்வது போலவே சொன்னார்.

"சரி, செவ்வந்தி. இன்று உமக்கு என் தட்டைத் தரமாட்டேன்."

செவ்வந்தியப்பன் நிமிர்ந்து பார்த்தார்.

"நான் திரைக்குப் பின்னால்தான் இருந்தேன். அப்போது எதற்குச் சிரித்தீர்கள் என்று எனக்குப் புரியவில்லை. இன்றுதான் புரிந்தது. உம் முறை, சொல்லும்" என்றார் ராஜா.

"கூடாது, மகாராஜா" என்றார் கிழவர், குரல் உடைந்து. "தராமல் இருக்கவே கூடாது."

ராஜா விழுந்து விழுந்து சிரித்து, தட்டைத் தம் கையாலேயே அவரிடம் கொடுத்தார். அதில் மடித்த வெற்றிலையும் இருந்தது. செவ்வந்தியப்பன் அதைப் பாதிப் பல்லால் மென்றுகொண்டே வீட்டுக்குப் போனார். நாரத்தை மரத்தடியில் மூட்டை முடிச்சு ஒன்றும் கட்டாமல் உட்கார்ந்திருந்த வள்ளியம்மை தட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, இதைப் புளி போட்டுத் தேய்க்கவே ஒருநாள் ஆகுமே என்று வெட்டிப் பேசினாள். அவர்களும் அவர்கள் ராஜாவும் வெகுகாலம் அப்படியே பேசிக்கொண்டு, சத்தம் குறையாமல் வாழ்ந்தார்களாம்.