மயிர்க்கால் ஏன் சொன்ன பேச்சு கேட்பதில்லை

அந்தக் காலத்தில் மனிதனையும் கரடியையும் தூரத்தில் நிறுத்தினால் எது எதுவென்று தெரியாது. உச்சந்தலை முதல் கணுக்கால் வரை இரண்டுக்கும் அடர்ந்த ரோமம். மனிதன் பேசுவது விலங்குகளுக்குப் புரியும், விலங்குகள் பேசுவது மனிதனுக்குப் புரியும். பேச்சுக்குப் பஞ்சமே இல்லை. நியாயத்துக்குத்தான் அப்போதும் பஞ்சம், என்ன செய்ய!

ரோமம் சும்மா போர்வையாக மட்டும் இல்லை. ஒவ்வொரு முடியும் தோலில் சாய்வாகத்தானே நடப்பட்டிருக்கிறது? அந்தச் சாய்வுப் பக்கத்தில், தோலுக்குள்ளே, முடிக்கொரு குட்டித் தசை இருந்தது. ஒரு நுனியால் முடியின் அடியைப் பிடித்திருக்கும், மறு நுனியால் மேல்தோலைப் பிடித்திருக்கும். சாய்ந்த பந்தல்காலைக் கயிறு போட்டு இழுத்தால் நேராக நிற்கிறதல்லவா, அதே வேலைதான். தசை இழுத்தால் முடி நிமிரும், விட்டால் படுக்கும். கோபம் வந்தால் இழுக்கும், பயந்தால் இழுக்கும், குளிர்ந்தாலும் இழுக்கும். ஆனால் அந்தக் காலத்தில் அது சொன்ன பேச்சும் கேட்கும். 'படு' என்று மனசுக்குள் அதட்டினால் போதும், படுத்துவிடும்.

தேனடை மலையில் இருந்த ஊர்க்காரர்களுக்கு இதை வைத்து ஒரு வழக்கம் உண்டு. ஊர் கூடியதும் தலைவன் முதல் வார்த்தையாக, "எவருக்கு நிற்குது?" என்று கேட்க வேண்டும். எவர் உடம்பில் ரோமம் நிமிர்ந்து நிற்கிறதோ அவர் எழுந்து பேசலாம். அவர் பேசி முடிக்கிற வரைக்கும் தலைவனே ஆனாலும் குறுக்கே வாயைத் திறக்கக் கூடாது. ரோமம் நிற்காதவர் தலைவன் அனுமதி கொடுத்தால்தான் பேசலாம். நல்ல வழக்கம். அதனால்தான் அதைக் கெடுக்க ஒருவன் வந்தான்.

அவன் பெயர் கோடன். அப்போது தலைவனாக இருந்தவன் அவன்தான்.

அந்த ஊரில் பாறை இடுக்கில் இறங்கித் தேன் எடுப்பதில் வேங்கனை மிஞ்ச ஆளில்லை. வேங்கன் கோடனுடைய அண்ணன் மகன். ஒவ்வொரு முறை இறங்குவதற்கும் அன்றைக்கு வெட்டிய பச்சைக் கொடியில்தான் வடம் திரிக்க வேண்டும், காய்ந்த வடத்தில் ஆளை இறக்கக் கூடாது என்பது மலையின் கட்டுப்பாடு. வடம் திரிப்பது தலைவன் பொறுப்பு. அந்த முறை கோடனுக்குச் சோம்பல். போன வருஷத்து வடத்தைத் தண்ணீரில் நனைத்து, பச்சைபோல் ஆக்கி, மரத்தில் கட்டி இறக்கிவிட்டான். பாதிப் பாறையில் வடம் அறுந்தது. வேங்கன் போய்ச் சேர்ந்தான்.

போனதுதான் போனது, செத்தவன் மேல் பழியையும் போட்டான் பாவி. "கள்ளைக் குடிச்சிட்டு இறங்கினான். கை நழுவிடுச்சு" என்று ஊர் முழுக்கச் சொன்னான். தன் தப்பால் செத்தவன் பெயரை அந்த ஊரில் முன்னோர் பெயர்களோடு சேர்த்துக் கூப்பிட மாட்டார்கள். வருஷா வருஷம் வேங்கை பூக்கும்போது ஊரே நின்று செத்தவர்களை ஒவ்வொருவராகப் பெயர் சொல்லி அழைக்கும். அந்த அழைப்பில் இல்லாதவன் பிறக்கவே இல்லை என்று கணக்கு.

வேங்கனின் மனைவி ஆவாரி. அவன் கள்ளை வாயில் வைக்காதவன் என்பது அவளுக்குத் தெரியாதா? பாறைக்குக் கீழே போய், அவன் கையில் சுற்றியிருந்த வடத்துண்டை எடுத்துப் பார்த்தாள். வெளியே ஈரம், உள்ளே விறகாகக் காய்ந்து கிடந்தது. அவள் அப்படியே பாறையடியில் உட்கார்ந்துவிட்டாள். உடம்பு ரோமம் அத்தனையும் குத்திட்டு நின்றது. ஊருக்குள் நடந்து வந்தபோது நாய்கள் வழிவிட்டு ஒதுங்கின.

கோடன் அவளைப் பார்த்தான். இவள் கூட்டத்தில் எழுந்து நின்றால் தன் கதை முடிந்தது என்று புரிந்துகொண்டான். "பூ பூக்கட்டும், அப்புறம் கூடலாம்" என்று தள்ளிப் போட்டான். மறுநாளே புதுப் பேச்சைக் கிளப்பினான்.

"பேன் தொல்லை தாங்க முடியலை. ஆலம்பாலையும் சாம்பலையும் குழைச்சுப் பூசி உரிச்சா ரோமம் மொத்தமும் வந்துடும். ஊரே சுத்தமாயிடும்."

பேன் தொல்லை நிஜம்தான், அதை மறுக்க முடியாது. ராத்திரி பகலாகச் சொறிந்து சொறிந்து ஊரே அலுத்துப் போயிருந்தது. ஆளுக்கு ஆள் ஓடி வந்தார்கள். புருவத்தையும் இமையையும் மட்டும் விட்டுவிடச் சொன்னான் கோடன். கண்ணுக்குக் காவலாம்! அவை இரண்டுக்கும் நிமிர்த்தும் தசை கிடையாது, அதனால் ஆபத்து இல்லை என்று அந்தத் திருட்டுப் பயலுக்குத் தெரியும். தலைமுடியை நீளமாக வளர்க்கச் சொன்னான். வளர்ந்தால் கனத்தில் தானாகப் படுத்துக் கிடக்கும்.

ஆவாரிக்கு ஆலம்பால் பூசியது வேறு யாருமில்லை, அவள் நாத்தனார் சூரை. வேங்கனின் தங்கை.

"நீ தூங்கி எத்தனை நாளாச்சு மதினி? பேன் போனாத் தூக்கமாவது வரும்" என்று பாசத்தோடுதான் உரித்தாள். ஆவாரி மரக்கட்டையாக உட்கார்ந்திருந்தாள். எதற்காக இந்த உரிப்பு என்று அவளுக்கு அப்போது உறைக்கவில்லை. துக்கம் அப்படி மூளையை மழுங்கடித்திருந்தது.

மறுநாள் காலையில் கோடன் அவள் குடிசை வாசலில் வந்து நின்றபோதுதான் உறைத்தது. அவளுடைய வழவழத்த கைகளைப் பார்த்து அவன் சிரித்தான்.

"பூ பூத்தாச்சு, நாளைக்கு ஊர் கூடுது. நீ பேசாம ஓரமா உக்காரணும். புரியுதா?"

அவள் தோலில் புள்ளி புள்ளியாக எழும்பத் தொடங்கியது. கோடன் அதைக் கண்டான்.

"அடக்கு அதை. அவன் போயிட்டான். இனி உனக்கு யார் கஞ்சி ஊத்தப் போறா? நான்தான்."

ஆவாரி பயந்தாள். உள்ளதைச் சொல்ல வேண்டும் அல்லவா, பயந்தாள். மனசு 'படு' என்றது. புள்ளிகள் படுத்துவிட்டன. "சரி மாமா" என்று அவள் வாயே சொன்னது. கோடன் போய்விட்டான்.

அவன் போன பிறகு அவளுக்கு வந்த ஆத்திரம் கோடன் மேல் இல்லை, தன் மேல்தான். 'சரி மாமாவாம், சரி மாமா!' என்று தன் கன்னத்தில் தானே அறைந்துகொண்டாள். ஓடைப் பக்கம் போய்ப் பாறை மேல் உட்கார்ந்து ஓவென்று அழுதாள்.

பாறைக்கு அடியில் படுத்திருந்த முள்ளம்பன்றிக்குத் தூக்கம் கெட்டது. முள்ளெல்லாம் சலசலக்க வெளியே வந்தது.

"என்னடி ஆர்ப்பாட்டம்? மனுசங்க உரிச்ச கிழங்கு மாதிரி ஆயிட்டீங்கன்னு கேள்விப்பட்டேன். நெசந்தானா?"

"எல்லாம் போச்சு" என்றாள் ஆவாரி. "ரோமம் இருந்தா நின்னிருப்பேன். இனி எதைக் காட்டி நிப்பேன்?"

"அறிவு கெட்டவளே, போனது முடிதானே? இழுக்கிற தசை உள்ளே அப்படியே இருக்குது. என் முதுகைப் பாரு." முள்ளம்பன்றி ஒரு சிலிர்ப்பு சிலிர்த்தது. அத்தனை முள்ளும் நிமிர்ந்தன. "உன் முடிக்கும் என் முள்ளுக்கும் ஒரே சாதித் தசைதான். ஆத்திரம் வந்தப்போ உன் கையில புள்ளி எழும்பலையா? முடி இல்லாட்டியும் தோலையாவது அது தூக்கும்."

"தூக்குச்சு. அந்த ஆளு ஒரு அதட்டு போட்டதும் நானே படுக்கச் சொல்லிட்டேன்."

"அப்போ தப்பு தசை மேல இல்லை. அது சொன்ன பேச்சைக் கேக்குது. நீ யார் சொன்ன பேச்சைக் கேக்குறே?"

ஆவாரிக்குச் சுருக்கென்றது. பிறகு தன் முன்னங்கையைத் தூக்கி, வாயைத் தோலோடு ஒட்டி வைத்துப் பேசினாள்.

"உள்ளே இருக்கிறவங்களே, கேக்குதா?"

எறும்பு பேசுவதுபோல் ஆயிரம் குரல்கள் மெல்லியதாக வந்தன. "கேக்குது. இப்ப என்ன, நிக்கணுமா, படுக்கணுமா?"

"இரண்டும் வேண்டாம். இனி என் பேச்சைக் கேக்காதீங்க. நான் கெஞ்சினாலும் கேக்காதீங்க, மிரட்டினாலும் கேக்காதீங்க. உள்ளுக்குள்ள எது நெசமோ அதுக்கு மட்டும் இழுங்க."

"யோசிச்சுச் சொல்லு தாயி. எல்லா உடம்புலயும் இருக்கிறது எங்க வம்சம்தான். நாங்க கேக்கலைன்னா எவனுக்கும் கேக்காது. நீ மறைக்க நினைக்கிற பயமும் வெளியே தெரியும். சின்னக் குளிர் அடிச்சாலும் காட்டிக் கொடுத்துடுவோம். திரும்ப எங்களை அடக்க உங்க யாராலும் ஆகாது."

"தெரியட்டும்" என்றாள் ஆவாரி. "நான் பயந்ததும் தெரியட்டும். ஒருத்தன் செத்துக் கிடக்கிறான், இங்கே மானத்தைப் பார்க்கச் சொல்றீங்களா?"

கைக்குள்ளே சத்தம் அடங்கியது. அதற்குப் பிறகு அந்தத் தசைகள் எந்த மனிதனோடும் ஒரு வார்த்தை பேசியதில்லை.

மறுநாள் உச்சி வெயிலில் ஊர் கூடியது. நல்ல வெயில், குளிர் என்று ஒருவரும் சாக்குச் சொல்ல முடியாது. பளபளவென்று உரித்த உடம்புகளோடு எல்லோரும் வட்டமாக உட்கார்ந்தார்கள். கோடன் நடுவில் நின்று, வழக்கத்தை மீறாத உத்தமன்போல் கேட்டான்.

"எவருக்கு நிற்குது?"

யாருக்கு நிற்கும்? ரோமம் இருந்தால்தானே!

"ஊருல ஒருத்தருக்கும் குறை இல்லை. சந்தோஷம்" என்றான் கோடன். "வேங்கன் குடிச்சிட்டு இறங்கினான், செத்தான். அவன் பேரை அழைப்புல சேர்க்க வேண்டியதில்லை. அடுத்த பேச்சுக்குப் போவோம்."

கோடனின் கண் தன் மேல் விழுந்ததும் பழைய பழக்கத்தில் ஆவாரியின் மனசு 'படு, படு' என்று கதறியது. தசை கேட்கவில்லை. மணிக்கட்டில் தொடங்கி முழங்கை, தோள், பிடரி என்று புள்ளிகள் எழும்பிக்கொண்டே போயின. இறகு பிடுங்கிய கோழித்தோல் மாதிரி ஆகிவிட்டது உடம்பு.

பக்கத்தில் இருந்த சூரையின் கை தற்செயலாக அவள் மேல் பட்டது. சூரை தடவிப் பார்த்தாள். இன்னொரு முறை தடவினாள். துள்ளி எழுந்தாள்.

"நிற்குது! மதினிக்கு நிற்குது!"

"ரோமமே இல்லாத உடம்புல என்ன நிற்கும்? ஆலம்பால் ஒத்துக்கலை, தடிப்பு" என்றான் கோடன்.

"தடிப்பா? வந்து தொட்டுப் பாருங்க! முடியோட அடி ஒவ்வொண்ணும் நிற்குது!"

ஆவாரி எழுந்தாள். வடத்துண்டை வட்டத்தின் நடுவில் வீசினாள்.

"எனக்கு நிற்குது. நான் பேசி முடிக்கிற வரைக்கும் ஒருத்தரும் வாயைத் திறக்கக் கூடாது. நீங்களும்தான் மாமா."

அவள் பேசினாள். வடம் வெளியே ஈரம், உள்ளே காய்ந்தது என்றாள். அவன் கடைசி வரை அதை விடாமல் பிடித்திருந்தான், கை நழுவவில்லை என்றாள். நேற்றுக் காலையில் தான் பயந்து 'சரி மாமா' என்று சொன்னதையும் மறைக்காமல் சொன்னாள். வடத்துண்டு கை மாறிக் கை மாறிச் சுற்றி வந்தது. தொட்டுப் பார்த்தவர் கையிலெல்லாம் புள்ளி எழும்பியது. பக்கத்தில் இருந்தவர்களுக்கும் பரவியது. ஊரே எழும்பி நின்றது, உடம்பில் ஒரு முடிகூட இல்லாமல்.

அவள் முடித்ததும் கோடன் கத்தினான். "எனக்கு என்னடி பயம்? பாருங்க என் கையை!"

அவசரக்காரன் நீட்டிவிட்டான். எல்லோரும் பார்த்தார்கள். தோள் வரைக்கும் புள்ளி.

'படு' என்று அதட்டினான் கோடன், முதலில் மனசுக்குள், பிறகு வாய்விட்டே. "படு! படுங்கிறேன்ல!" படுக்கவில்லை. கையைத் தேய்த்தான். மரவுரியை இழுத்துச் சுற்றிக்கொண்டான். புள்ளி கழுத்தில் ஏறியது. ஊரையே அடக்கி வைத்தவனால் தன் தோலை அடக்க முடியவில்லை.

"வடம் புதுசா, பழசா?" என்று கேட்டாள் ஆவாரி. "ஒரே வார்த்தை. சொல்லுங்க மாமா."

வெயிலில் நின்றுகொண்டு நடுங்கினான் கோடன்.

"பழசு" என்றான்.

அன்றே அவனை மலையை விட்டு இறக்கினார்கள். பூ உதிர்வதற்குள் ஊரே பாறை விளிம்பில் வரிசையாக நின்றது. முன்னோர் பெயர்கள் எல்லாவற்றையும் அழைத்த பிறகு, சூரை தன் அண்ணன் பெயரைத் தொடங்கி வைத்தாள். "வேங்கா!" என்று மொத்த ஊரும் கூப்பிட்டது. அவர்கள் கையெல்லாம் புள்ளி எழும்பி நின்றது. ஆவாரிக்கு அப்போதும் மனசு ஆறவில்லை. ஏன் ஆற வேண்டும்? கூப்பிட்டால் அவன் வந்துவிடப் போகிறானா?

உரித்த ரோமம் பழையபடி வளரவேயில்லை. கையில் பூனைமுடி மாதிரி ஏதோ முளைத்தது, அவ்வளவுதான். ஆனால் அடியில் இருந்த தசை அப்படியே இருந்துவிட்டது. இப்போது அதற்கு ஆயிரம் பெயர்: புல்லரிப்பு என்கிறோம், மெய்சிலிர்ப்பு என்கிறோம், மயிர்க்கூச்செறிந்தது என்கிறோம். பாட்டுக் கேட்டால் வருகிறது, தேர் நகரும்போது வருகிறது என்று பெருமையாகக் கையை நீட்டிக் காட்டுகிறோம். காட்டுங்கள், வேண்டாம் என்று யார் சொன்னது. ஆனால் ஆவாரி தன் கையில் வாய் வைத்துப் பேசிய அந்தப் பகலில் இருந்துதான் அது எவன் சொல்லுக்கும் எழும்புவதில்லை, எவன் அதட்டலுக்கும் படுப்பதில்லை. அநியாயத்தைப் பார்த்துவிட்டு, நமக்கேன் வம்பு என்று நாம் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்கும்போதும், சட்டைக் கைக்குள்ளே அது எழும்பி நிற்கிறது.