முருங்கைக்காய் முறிகிற சத்தம்

ஈரத் துணிக்குள் முருங்கைக்காய் முறிகிற சத்தம். முப்பது வருடங்களுக்கு முன் கோடம்பாக்கத்தில், ஓர் ஒலிப்பதிவுக் கூடத்தில் கேட்டது. திரையில் ஒருவனின் கழுத்தைப் பேய் திருகும்போது வருவது அதுதான்.

முறித்தவள் ரெஜினா. படங்களுக்குச் சத்தம் கொடுப்பவள், வயது முப்பத்தாறு. அவளிடம் தொழில் கற்க வந்தவர் தணிகாசலம், வயது நாற்பத்தெட்டு. டுடோரியல் கல்லூரியை மூடும்வரை அங்கே தத்துவம் நடத்தியவர். அவர் அவளை மாஸ்டர் என்பார். அவள் அவரை சார் என்பாள்.

"மாஸ்டர், பயப்படறதுக்கு எதுக்கு ஜனங்க டிக்கெட் வாங்கணும்?"

"இதோட எத்தனாவது தடவை சார் கேக்கறீங்க? துணியைப் பிழிங்க."

"வாழ்க்கையில கண்டு ஓடற பயத்தைக் கலையில மட்டும் தேடிப் போறாங்களே, முரண்பாடு இல்லையா?"

"முரண்பாடு இருக்கட்டும். காய் வாடிப் போச்சு. வாடின காய் முறியாது, வளையும். எம்.ஏ.ல இதெல்லாம் சொல்லித் தரலையா?"

அவர் விடவில்லை. கேட்டுக் கேட்டுக் கடைசியில் தன் விஷயத்துக்கு வந்தார். அப்பா இறந்து வருடம் திரும்பவில்லை. எந்தத் தியேட்டரில் பேய்ப்படம் வந்தாலும் அம்மா முதல் நாளே போய்விடுகிறாள். வீட்டுக்கு வந்து சிரித்துச் சிரித்துக் கதை சொல்கிறாள். ஒரு மாதமாக அவர் அம்மாவோடு பேசவில்லை.

மறுநாள் ஒரு கேசட்டோடு வந்தார். மலேசியாவிலிருந்து வர முடியாத தம்பிக்காகச் சாவு வீட்டில் பதிவு செய்தது. அனுப்ப மனம் வராமல் வைத்திருந்தார்.

"அப்பாவை எடுக்கறப்போ அம்மா அலறினது, மாஸ்டர். படத்துல இதைப் போடுவோம். அசல். இதை எவன் ரசிக்கறான்னு பாக்கறேன்."

ரெஜினா தலையில் கைவைத்துக்கொண்டாள்.

"என் உயிரை வாங்கறதுக்குன்னே படிச்சிட்டு வந்தீங்களா சார்?"

எழுந்து போய்க் கதவைத் திறந்தாள். வெளியே செட் போடும் தச்சர்கள் டீ குடித்துக்கொண்டிருந்தார்கள். ஸ்பீக்கரை அவர்கள் பக்கம் திருப்பினாள். முதலில் பதிவு செய்து வைத்த முருங்கைக்காய்ச் சத்தத்தை ஓடவிட்டாள்.

ஒருவர் கையில் டீ சிந்தியது. எல்லோரும் "ஐயோ" என்றார்கள். பிறகு சிரித்தார்கள்.

"யக்கா, இன்னொரு தபா போடுக்கா!"

"இப்ப உங்க கேசட்டைப் போடுங்க, சார்."

போட்டார்.

சிரிப்பு நின்றது. டம்ளர்கள் தரைக்கு இறங்கின. மூத்த தச்சர் மஸ்தான் எழுந்துவிட்டார். கண் தெருவைப் பார்த்தது. கால் செருப்பைத் தேடியது.

"எந்த வீடு?" என்றார்.

தணிகாசலம் அவசரமாக நிறுத்தினார்.

"சாவு நடந்து மாசக்கணக்காச்சு, பாய். வெறும் கேசட்டுதான்" என்றாள் ரெஜினா.

மஸ்தான் உட்காரவில்லை.

"அந்தம்மாவுக்கு இப்ப யாரும்மா துணை?"

ரெஜினா கதவைச் சாத்தினாள். கேசட்டை வெளியே எடுக்கத் தணிகாசலத்துக்கு வெகுநேரம் ஆயிற்று.

"அப்ப எங்கம்மா எதுக்கு மாஸ்டர் அங்க போறாங்க?"

அவள் வாடாத காய் ஒன்றைத் தேடி எடுத்தாள்.

"அங்க எவ்வளவு அலறினாலும் யாரும் செருப்பைத் தேட வேண்டாம், சார்."

தணிகாசலத்தின் அம்மா அதற்குப் பிறகு ஒன்பது வருடம் இருந்தாள். பேய்ப்படங்களுக்கு அவர் இரண்டு டிக்கெட் வாங்கினார்.