திட்டு வாங்கியவரின் வாக்குமூலம்

"நாளைக்கு ஒரு நாக்கை அறுக்கணும், தாயே. தீர்ப்பு எழுத எனக்குக் கை வரமாட்டேங்குது" என்றார் நீதிபதி அம்பலக்கூத்தர்.

குளத்துப் படியில் உட்கார்ந்து கோயில் விளக்குகளைப் புளி போட்டுத் தேய்த்துக்கொண்டிருந்த பூரணி நிமிரவில்லை. அவள்தான் அவருக்குக் குரு. அவரைவிடப் பதினைந்து வயது சின்னவள். ஊர் சிரித்தது. சிரித்தால் சிரிக்கட்டும் என்று அவர் வந்துகொண்டுதான் இருந்தார்.

"யாரோட நாக்கு?"

"சடைச்சின்னு ஒருத்தி. உப்பளத்துல வேலை செய்யறவ. சாமியைத் திட்டிட்டா."

அந்த ஊர்ச் சட்டத்தைச் சொல்லிவிடுகிறேன். சாமியை நிந்தித்தவருக்கு நாக்குப் போய்விடும். நிந்தித்த வார்த்தையைத் திருப்பிச் சொன்னவருக்கும் போய்விடும். அதனால் சாட்சிகள் 'சொல்லக் கூடாததைச் சொன்னான்' என்பதோடு நிறுத்திக்கொள்வார்கள். என்ன அழகான ஏற்பாடு, பாருங்கள்!

முதலில் அது ஆற்றுக்கு அக்கரையில் வேறு சாமி கும்பிடுகிறவர்கள் மேல் பாய்ந்தது. அப்புறம் இதே சாமியை வேறு பெயரில் கூப்பிட்டவர்கள் மேல். போகப் போக, பக்கத்து வீட்டுக்காரனோடு வேலித் தகராறு என்றால்கூட ஒரு பிராது போதும் என்றாகிவிட்டது.

"இதுக்கு முன்னாடி எத்தனை நாக்கு?"

"மூணு."

"அவங்க என்ன சொன்னாங்க?"

"தெரியாது."

பூரணியின் கை நின்றது.

"தெரியாமலா அறுத்தீங்க?"



"சடைச்சி சொன்னது மட்டும் தெரியும், தாயே. செத்துப்போன குழந்தையைத் தோள்ல போட்டுக்கிட்டுத் தேர்வீதியில போனா. கோயில் வாசல்ல நின்னு கத்தினா. நான் அங்கதான் இருந்தேன். ரெண்டு காதாலயும் கேட்டேன்."

"என்ன கத்தினா?"

நீதிபதி சுற்றுமுற்றும் பார்த்தார். உதடு அசைந்தது. சத்தம் வரவில்லை.

"சரி, பிராது கொடுத்தது யாரு?"

"கோயில் மணியக்காரர்."

"அவ திட்டினது மணியக்காரரையா?"

"ஐயையோ, இல்லை. சாமியை."

"அப்போ வாதி சாமிதானே? வாதியை விசாரிச்சீங்களா?"

முப்பது வருஷம் நீதிபதியாக இருந்தவர். ஆட்டுத் திருட்டு வழக்கில்கூட ஆட்டுக்காரனைக் கேட்காமல் தீர்ப்பு எழுதியதில்லை.

"போங்க. நடை சாத்த இன்னும் கொஞ்ச நேரம் இருக்கு. உள்ளே ஆள் யாரும் இல்லை. நடந்ததைச் சொல்லி, மனசு புண்பட்டுச்சான்னு கேளுங்க. அவ சொன்ன வார்த்தையை மட்டும் விட்டுடாதீங்க."

"சொன்னா என் நாக்கும் போயிடுமே!"

"சாட்சி யாரு? சாமி ஒருத்தர்தானே?"

கருவறை முன்னால் ஒற்றை விளக்கு எரிந்தது. அம்பலக்கூத்தர் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு தொண்டையைச் செருமினார்.

"தேவரீர் சமூகத்தில் விண்ணப்பம். சடைச்சி என்பவள் தேவரீரைப் பார்த்து..."

நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது.

"...'உனக்குக் கண்ணு அவிஞ்சு போச்சா? நீயெல்லாம் ஒரு சாமியா?' என்று கேட்டாள்."

கூரை இடிந்து விழவில்லை. விளக்கு அணையவில்லை.

சாமி காதில் சரியாக விழவில்லையோ என்று இன்னொரு தரம் சொன்னார். இந்தத் தரம் 'சடைச்சி என்பவள்' விட்டுப்போயிற்று.

மூன்றாம் தரம் 'தேவரீர்' விட்டுப்போயிற்று.

"உனக்குக் கண்ணு அவிஞ்சு போச்சா? ஏழு வயசுடா அவனுக்கு! பன்னிரண்டு வருஷமா உன் வாசல்ல பாட்டுப் பாடிக்கிட்டு நிக்கறேனே, ஏன் எடுத்துக்கிட்டேன்னு ஒரு நாளாவது சொன்னியா?"

மகன் அம்மை கண்டு போன அன்று இந்த மனிதர் ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. துதி பாடினார். ஆகா, என்ன பக்தி என்று ஊரே மெச்சியது. இன்று கருவறைப் படியில் விழுந்து கேவிக் கேவி அழுதார். மகனுக்காக அழுதார். பேர்கூட மறந்துபோன அந்த மூன்று பேருக்காகவும் அழுதார்.

அழுது ஓய்ந்து நிமிர்ந்தபோது அவருக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. உள்ளே அவ்வளவு பெரிய அமைதி. அதில் கோபம் துளியும் இல்லை. யாரோ மூச்சுக்கூட விடாமல் பக்கத்தில் உட்கார்ந்திருப்பது போல இருந்தது. கைகூப்பக்கூடத் தோன்றாமல் அவர் அப்படியே கிடந்தார்.

மறுநாள் நீதிசபையில் நிற்க இடமில்லை. சடைச்சி கூண்டில் நின்றாள். நாக்கு அறுக்கிறவன் கத்தியோடு காத்திருந்தான்.

"வாதியை நேரில் விசாரித்தேன். அவருக்குப் பிராது எதுவும் இல்லை. சடைச்சி வீட்டுக்குப் போகலாம்" என்றார் அம்பலக்கூத்தர்.

மணியக்காரர் துள்ளி எழுந்தார்.

"என்னய்யா இது கூத்து! சாமி உங்ககிட்ட பேசினாரா?"

"பேசலை. கேட்டார்."

"என்ன கேட்டார்?"

நீதிபதி ஆசனத்தை விட்டு இறங்கினார். நடந்து போய்க் கூண்டில் சடைச்சிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டார்.

"நான் திட்டினதை எல்லாம்."