பளிங்குக் காளான்

அந்தக் காலத்தில் கல்லுக்கும் வாய் இருந்தது, காளானுக்கும் வாய் இருந்தது. நமக்கும் அதைக் கேட்கிற பொறுமை இருந்தது என்று வைத்துக்கொள்ளுங்களேன். அப்போது கருநெல்லி மலையில், ஒரு குகையின் கடைசி மூலையில், ஒரு பளிங்குக்கல் நின்றுகொண்டிருந்தது. ஓர் ஆள் உயரம். கண்ணாடி மாதிரித் தெளிவு. அழகுக்குக் குறைச்சலே இல்லை, பார்க்கத்தான் ஆள் இல்லை.

எத்தனை காலம் அப்படி நின்றதோ, அதற்கே மறந்துபோயிற்று. குகையில் வௌவால்கள் இருந்தன. ஆனால் அவை தங்களுக்குள் சண்டை போடவே நேரம் போதாமல் திரிந்தன. கல்லை ஏனென்று கேட்க நாதியில்லை. கொஞ்ச காலம் அது தனக்குத்தானே பேசிப் பார்த்தது. அப்புறம் அதுவும் அலுத்துவிட்டது. அப்படியொரு தனிமை. பட்டவர்களுக்குத் தெரியும்.

ஒரு வைகாசி மழைக்கு ஒரு கரடி குகைக்குள் வந்து ஒதுங்கியது. அதன் காலில் ஒட்டியிருந்த ஈரமண் கல்லின் அடியில் உதிர்ந்தது. நாலைந்து நாளில் அந்த மண்ணிலிருந்து ஒரு வெள்ளைக் காளான் தலையை நீட்டியது. நீட்டியதுதான் தாமதம், ஒரே பேச்சு. வெளியே மண் எப்படி மணக்கிறது, கரடிக்கு எந்தப் பல்லில் வலி, எறும்புகள் எதற்காக வரிசை மாறின, எல்லாம் சொன்னது. கல்லை வாய் நிறைய அண்ணே என்று கூப்பிட்டது. கல்லுக்குத் தங்கச்சி கிடைத்த சந்தோஷம் கொஞ்சநஞ்சமில்லை.

மறுநாள் பேச்சோடு பேச்சாக, தங்கள் வம்சத்துக்கு மூன்று நாள்தான் ஆயுசு, நாளைச் சாயங்காலம் தலை வாடிவிடும் என்று காளான் சொன்னது. சந்தைக்குப் போய் வருகிறேன் என்பது போலச் சொன்னது. மிச்சமிருக்கிற பொழுதைக் கல் விரல்விட்டு எண்ண ஆரம்பித்தது. கல்லுக்கு ஏது விரல் என்று கேட்காதீர்கள், எண்ணியது அவ்வளவுதான். காளான் மேற்கொண்டு என்னவோ சொல்ல வந்தது. கல் அதைக் காதில் வாங்கவே இல்லை.

அன்று மத்தியானம் தேன் எடுக்கிற சடைச்சி மழைக்கு ஒதுங்கிக் குகை வாசலில் வந்து உட்கார்ந்தாள். சுரைக்குடுக்கை நிறையத் தேன். தேன்மெழுகை இளக்கிக் குடுக்கையின் வாயை விரலால் இழுத்து இழுத்து அடைத்துக்கொண்டிருந்தாள். எதற்கு இப்படி அடைக்கிறாய் என்று உள்ளேயிருந்து கல் கேட்டது.

"காத்து படக்கூடாது. பொட்டு ஓட்டை இருந்தாலும் கெட்டுப் போயிரும். சுத்தி அடைச்சு வச்சா எத்தனை வருசமானாலும் அப்படியே இருக்கும்."

"எதுவானாலுமா?"

"எதுவானாலும்தான்" என்றாள் சடைச்சி. அவள் மனசில் இருந்தது தேனும் கிழங்கும் தானியமும். கல்லின் மனசில் இருந்தது தங்கச்சி. யாருக்காகக் கேட்கிறாய் என்று அவளும் கேட்கவில்லை, அது சொல்லவும் இல்லை. மழை விட்டதும் குடுக்கையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள்.

மூன்றாம் நாள் காலை. காளான் கண் அயர்ந்திருந்தது. குகையின் கூரையிலிருந்து சொட்டும் நீரைக் கல் தன் தலையில் வாங்கித் தன்னையே கரைக்கத் தொடங்கியது. யுகக் கணக்கில் வளர்ந்த உடம்பு ஒரே காலையில் கரைந்து வழிந்தது. வழிந்தது காளானின் தண்டில் ஏறி, இறுகி, மேலே மேலே மூடிக்கொண்டு போனது. இப்படி யாரும் யார்மீதும் பாசம் வைத்ததில்லை. இவ்வளவு முட்டாள்தனமாகவும் வைத்ததில்லை.

கழுத்துவரை வந்தபோது காளான் விழித்துக்கொண்டது.

"அண்ணே, என்ன பண்றே?"

"அசையாம இரு தங்கச்சி. இனி நீ வாடவே மாட்டே."

"வாடறதுக்கு முன்னாடி என் பொடி உதிரணும் அண்ணே, அதுதான் எங்களுக்கு விதை. குடைக்கு அடியில ஆயிரம் பேரை வச்சிருக்கேன். அடுத்த மழைக்கு உன்கூடப் பேச வர்றவங்க அவங்கதான். இப்படி மூடிட்டா, யாரு வருவா?"

கல் பதறிப் போய்த் தன்னை நிறுத்தப் பார்த்தது. கரைந்தது கரைந்ததுதான். கடைசிச் சொட்டு வந்து குடையின் விளிம்பை மூடியபோது, அந்தச் சொட்டில் கல்லின் வாயும் கரைந்து வந்திருந்தது.

அப்புறம் அங்கே கல்லும் இல்லை, காளானும் இல்லை. இரண்டும் கலந்த ஒன்று நின்றது. செத்துவிட்டது என்று நினைக்காதீர்கள். மழைக்கு மழை நெல்முனை அளவு வளரத்தான் செய்கிறது. ஒரே உடம்பில் அண்ணனும் தங்கச்சியும் இருக்கிறார்கள், ஒரு வார்த்தை பேசிக்கொள்ள வழியில்லை. எனக்கு அதை நினைத்தால்தான் மனசு ஆறுவதே இல்லை.

அடுத்த வைகாசியில் சடைச்சி வந்து பார்த்தாள். பளிங்குக் குடைக்குள் பொடி அப்படியே தங்கி நிற்பது பந்த வெளிச்சத்தில் தெரிந்தது. தான் சொன்னது ஞாபகம் வந்ததும் அங்கேயே உட்கார்ந்துவிட்டாள்.

"நான் தேனுக்குத்தானேடா சொன்னேன், பாவி" என்றாள்.

பதில் வருமா என்று பொழுது சாயும்வரை காத்திருந்தாள். வரவில்லை. இறங்கிப் போகிற வழியில், கறிக்கு ஆகுமென்று ஒரு காளானைப் பறிக்கக் கை நீட்டியவள், சட்டென்று கையை இழுத்துக்கொண்டாள். குடையை மெல்ல மூன்று தட்டுத் தட்டினாள். பொடி முழுக்க மண்ணில் விழுந்த பிறகுதான் பறித்தாள்.

அன்று தொட்டுத்தான் கருநெல்லி மலைக்காரர்கள் எந்தக் காளானையும் மூன்று தட்டுத் தட்டிப் பொடி உதிர்த்துவிட்டே பறிக்கிறார்கள். பளிங்குக் காளான் மட்டும் அந்த ஆயிரம் பேரையும் உள்ளே வைத்துக்கொண்டு இன்னும் ஒற்றையாக நிற்கிறது.