வைக்கோல் லாரிக்குப் பின்னால்

முதல் நாளே உலகநாதன் அந்தக் கேள்வியைக் கேட்டுவிட்டார்.

"மாஸ்டர், கார் விபத்துல ஆள் சாகுறதுக்கு முக்கியமான காரணம் எது?"

தமயந்தி காரின் முன் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார். அவருக்கு வயது முப்பத்தெட்டு. எட்டு வருடம் ஆம்புலன்ஸ் ஓட்டியவர். அதை விட்டுவிட்டு, காரைக்குடியில் டிரைவிங் சொல்லிக்கொடுக்க வந்தவர். அவரைவிட மூத்தவர்களும் மாஸ்டர் என்றுதான் கூப்பிட்டார்கள்.

"நீங்க என்ன நினைக்கிறீங்க சார்?"

உலகநாதனுக்கு அறுபத்தொன்று. முப்பத்தோரு வருடம் பள்ளிக்கூடத்தில் இயற்பியல் நடத்தி ஓய்வு பெற்றவர். பதிலைத் தயாராக வைத்திருந்தார்.

"வேகம். குடி. தூக்கம். செல்போன். பெல்ட் போடாம ஓட்டுறது. பிரேக் பிடிக்காம போறது."

"எல்லாம் சரிதான்."

"இதுல முதல் காரணம் எது?"

தமயந்தி துணியை உதறி மடித்தார்.

"பின்னாடி உட்காருங்க சார். இன்னிக்கு அம்மா ஓட்டட்டும்."

அம்மா என்றது உலகநாதனின் மனைவி கோமளவல்லியை. கோயம்புத்தூரில் இருக்கும் மகள் தன் பழைய காரை அப்பா அம்மாவுக்குக் கொடுத்திருந்தாள். அதை ஓட்டப் பழகத்தான் இருவரும் தமயந்தியிடம் ஒன்றாகச் சேர்ந்திருந்தார்கள். சேரலாம் என்று சொன்னது உலகநாதன். நீயும் சும்மா கூட வா, பயம் தெளியும் என்று கோமளத்தை அழைத்து வந்ததும் அவர்தான்.

கோமளம் பெல்ட்டைப் போட்டாள். கண்ணாடியைச் சரி செய்தாள். கிளட்ச்சை மெதுவாக விட்டாள். வண்டி குலுங்காமல் நகர்ந்தது.

"சரி," என்றார் தமயந்தி.

அடுத்து உலகநாதன் ஓட்டினார். வண்டி இரண்டு முறை குலுங்கி நின்றது. தமயந்தி ஒன்றும் சொல்லவில்லை.

இப்படியே ஒரு மாதம் போயிற்று. தமயந்தி அதிகம் பேசுகிறவர் அல்ல. சரி என்ற ஒரு சொல்தான் அவர் வாயிலிருந்து வரும் பாராட்டு. கோமளத்துக்கு அது நாளுக்கு ஐந்தாறு முறை கிடைத்தது. உலகநாதனுக்கு இரண்டு நாளைக்கு ஒரு முறை. பின் சீட்டில் உட்கார்ந்து அவர் இதை எண்ணிக்கொண்டிருந்தார்.

"அந்த மாஸ்டர் பொம்பளைங்களுக்குத்தான் நல்லா சொல்லிக்கொடுக்குறாங்க," என்றார் வீட்டுக்கு வந்து.

"உங்களுக்கும் அதேதானே சொல்றாங்க?"

"உனக்குப் புரியாது."

பக்கத்து வீட்டுக்காரர் விசாரித்தபோது, கோமளத்துக்குத் தானே வீட்டில் எல்லாம் விளக்கிச் சொல்வதாக உலகநாதன் சொன்னார். கோமளம் கொடியில் துணி போட்டுக்கொண்டிருந்தாள். அவள் காதில் அது விழுந்தது. மறுத்து ஒன்றும் சொல்லாமல் அடுத்த துணியை எடுத்து உதறினாள். மறுத்திருந்தாலாவது பரவாயில்லை என்று இருந்தது அவருக்கு.

லைசென்ஸ் டெஸ்ட் வந்தது. முதலில் கோமளம். இரண்டு கம்புகளுக்கு நடுவே வண்டியைப் பின்னால் எடுக்க வேண்டும். உலகநாதன் வேப்பமரத்தடியில் நின்று பார்த்தார். அவள் கம்பைத் தட்டிவிட வேண்டும் என்று மனசுக்குள் நினைத்தார். நினைத்த உடனே நாக்கைக் கடித்துக்கொண்டார். ஆனால் கண்ணை எடுக்கவில்லை. வண்டி இரண்டு கம்புகளுக்கும் நடுவே அளவாக வந்து நின்றது.

அவர் முறை வந்தபோது இடப்பக்கக் கம்பு சாய்ந்தது.

"அடுத்த மாசம் கிடைச்சிடும்ங்க," என்றாள் கோமளம். அவள் கேலி செய்யவில்லை. உண்மையாகவே வருத்தப்பட்டாள். அதுதான் அவரைச் சுட்டது. அன்று அவர் சரியாகச் சாப்பிடவில்லை.

மறு வாரம் திருமயம் பக்கம் ஒரு கல்யாணத்துக்குப் போக வேண்டியிருந்தது. கோமளம் ஓட்டினாள். உலகநாதன் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். நல்ல வெளிச்சம். காய்ந்த ரோடு. காலை ஒன்பதரை மணி. அவர் தூங்கி விழவில்லை. குடிப்பழக்கமும் கிடையாது.

முன்னால் ஒரு வைக்கோல் லாரி போய்க்கொண்டிருந்தது. இரண்டு பக்கமும் வைக்கோல் பிதுங்கி, ரோட்டில் பாதியை அடைத்தபடி மெதுவாகப் போனது. கோமளம் இடைவெளி விட்டு அதன் பின்னாலேயே போனாள்.

"ஹாரன் அடி."

"அவருக்கு நாம வர்றது தெரியுதுங்க."

"இப்படியே ஊர்ந்தா தாலி கட்டினப்புறம்தான் போய்ச் சேருவோம்."

"கண்மாய்க் கரை வருது. வளைவு தாண்டிப் போயிக்கலாம்."

"வளைவாம் வளைவு. மாஸ்டர் சொன்னாங்களா?"

கோமளம் நெற்றியைச் சுருக்காமல், பதறாமல், அவள் பாட்டுக்கு ஓட்டினாள். அந்த நிதானத்தை அவரால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை.

"நிறுத்து. நான் ஓட்டுறேன்."

அவள் திரும்பி அவர் முகத்தைப் பார்த்தாள். ஓரமாக நிறுத்திச் சாவியைக் கொடுத்துவிட்டு, மறுபக்கம் போய் உட்கார்ந்து பெல்ட்டைப் போட்டாள்.

உலகநாதன் ஒரு நிமிடத்தில் லாரியைப் பிடித்துவிட்டார். வளைவு தொடங்கும் இடம். எதிரே என்ன வருகிறது என்று தெரியவில்லை. வலப்பக்கம் ஏறினார்.

எதிரே ஒரு பைக் வந்தது. பின்னால் பெரிய வாழையிலைக் கட்டு.

அதற்கப்புறம் நடந்தது எல்லாம் இரண்டு மூச்சுக்குள். பைக் ஓட்டி வந்தவர் ரோட்டை விட்டுச் சரிவில் இறங்கினார். லாரி டிரைவர் பிரேக்கை மிதித்து இடப்பக்கம் மண்ணில் இறக்கினார். வைக்கோல் பாரம் ஒரு பக்கமாகச் சாய்ந்து, விழாமல் நின்றது. லாரி விட்ட இடத்தில் கார் புகுந்து, கிறீச்சிட்டு, குறுக்காக நின்றது.

கோமளம் கண்ணை மூடிக்கொண்டிருந்தாள்.

சரிவில் வாழையிலை சிதறிக் கிடந்தது. அந்த ஆள் இலைக்கட்டின் மேல் விழுந்திருந்தார். ஹெல்மெட்டில் ஒரு பக்கம் நீளமாகக் கீறல். எழுந்து உட்கார்ந்தார். கை காலை அசைத்துப் பார்த்தார். ஓடி வந்த உலகநாதனைப் பார்த்து அவர்தான் முதலில் கேட்டார்.

"உங்களுக்கு ஒண்ணும் ஆகலையே?"

லாரி டிரைவர் இறங்கி வந்தார். அடிக்கப்போகிறார் என்று உலகநாதன் நினைத்தார். அவர் பாட்டிலைத் திறந்து தண்ணீர் குடித்தார். பாதி சட்டையில் கொட்டியது.

"வீட்டுக்குப் போங்க சார்," என்றார்.

கல்யாணத்துக்குப் போகவில்லை. கோமளம்தான் திரும்ப ஓட்டி வந்தாள். வீட்டில் அவள் ரவிக்கையின் ஓரத்தில், தோளில் பெல்ட் அழுத்திய இடம் சிவந்து தடித்திருந்ததை உலகநாதன் பார்த்தார். தேங்காய் எண்ணெய் எடுத்து வந்து கொடுத்தார். வாங்கித் தடவிக்கொண்டாள். ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை.

மறுநாள் காலை காபியை வைத்துவிட்டுச் சொன்னாள்.

"நான் இனிமே வண்டி எடுக்கலைங்க. உங்களுக்கு லைசென்ஸ் வந்ததும் நீங்களே ஓட்டுங்க. அதான் வீட்டுக்கு நல்லது."

அதைக் கேட்டதும் உலகநாதனுக்குள் சந்தோஷம் எழுந்தது. ஒரு கணம்தான். ஆனால் எழுந்தது அவருக்குத் தெரிந்துவிட்டது. நேற்று வளைவில் வராத பயம் அப்போது வந்தது. காபியைக் குடிக்காமல் எழுந்து செருப்பை மாட்டினார்.

டிரைவிங் ஸ்கூலில் தமயந்தி விபத்து நடந்த விதத்தை எல்லாம் அவரிடம் கேட்டுக்கொண்டார். பிறகு சொன்னார்:

"அந்த இடத்தைக் காட்டுங்க சார்."

பயிற்சிக் காரில் போனார்கள். கண்மாய்க் கரை வளைவில் இறங்கி, ஒரு புளியமரத்தின் கீழ் நின்றார்கள். டயர் தேய்த்த கறுப்புக் கோடு இன்னும் ரோட்டில் இருந்தது. சரிவில் இரண்டு மூன்று இலைகள் கிழிந்து வாடிக் கிடந்தன.

"பேசாம ரோட்டைப் பாருங்க," என்றார் தமயந்தி.

முக்கால் மணி நேரம் நின்றார்கள். ஒரு பஸ் வளைவுக்கு முன்னால் வேகத்தைக் குறைத்தது. எதிரே வந்த ஆட்டோ ஓரம் கட்டி அதைப் போகவிட்டது. புல்லுக்கட்டோடு ஒரு சைக்கிள் மண்ணில் இறங்கி ஏறியது. ஒரு வேன் டிராக்டருக்குப் பின்னால் பொறுமையாகப் போயிற்று.

"என்ன பார்த்தீங்க?"

"ஒண்ணும் நடக்கலையே மாஸ்டர்."

"எத்தனை பேர் ஒதுங்கினாங்க?"

உலகநாதன் யோசித்தார்.

"கிட்டத்தட்ட எல்லாருமே."

"யாருக்காக?"

"முன்னப்பின்ன தெரியாதவங்களுக்காக."

உலகநாதன் கறுப்புக் கோட்டையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"அறுபதுல போற வண்டி நிக்கிறதுக்கு எத்தனை மீட்டர் வேணும்னு முப்பத்தோரு வருஷமா போர்டுல எழுதிப் போட்டவன் நான். தெரியாம ஏறலை மாஸ்டர்."

"தெரியும் சார்."

"லாரியைத் தாண்டணும்னுகூட எனக்கு இல்லை. கல்யாணத்துக்கு அவ்வளவு அவசரமும் இல்லை."

"அப்ப எதுக்கு ஏறினீங்க?"

"அவ நல்லா ஓட்டுறா."

சொல்லிவிட்டு உலகநாதன் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"இன்னிக்குக் காலைல, இனிமே ஓட்டமாட்டேன்னு சொன்னா. எனக்குச் சந்தோஷமா இருந்துச்சு. கட்டின பொண்டாட்டி மாஸ்டர். முப்பத்தஞ்சு வருஷம். இப்படியும் ஒருத்தன் இருப்பானா?"

தமயந்தி மரத்தின் வேர் மேல் உட்கார்ந்தார். உலகநாதனும் எதிரே உட்கார்ந்தார்.

"ஆம்புலன்ஸ்ல என்கூட ஞானதுரைன்னு ஒருத்தர் ஓட்டினார்," என்று தொடங்கினார் தமயந்தி. "எந்த விபத்துக்குக் கூப்பிட்டாலும் அவர்தான் முதல்ல போய் நிப்பார். எல்லாரும் அவர் பேரைத்தான் சொல்வாங்க. எனக்கு அவரைக் கண்டாலே ஆகாது. நல்ல மனுஷன். அதனாலயே ஆகாது."

உலகநாதன் தலையை ஆட்டினார்.

"ஒரு நாள் பைபாஸ்ல ஒரு கார் கவிழ்ந்துடுச்சு. அஞ்சு பேருக்கு அடி. ரெண்டு வண்டியும் வரச் சொன்னாங்க. அவர் ஒரு பக்கத்துல இருந்து கிளம்பினார், நான் இன்னொரு பக்கம். நடுவுல ஒரு இடத்துல ரெண்டு பேருக்கும் ஒரே ரோடு. நான் முன்னாடி நுழைஞ்சுட்டேன். கண்ணாடில அவர் வண்டி பின்னாடி தெரிஞ்சது. அன்னிக்கு நான் ஓட்டின மாதிரி என்னிக்கும் ஓட்டினதில்லை. முதல்ல போய்ச் சேர்ந்துட்டேன். அடிபட்டவங்களை ஏத்திக்கிட்டு ஆஸ்பத்திரிக்கும் முதல்ல வந்துட்டேன். எல்லாரும் கையைப் பிடிச்சுப் பாராட்டினாங்க. அவர் மட்டும் வரவே இல்லை."

"ஏன்?"

"அரை மணி கழிச்சு வந்தார். அவர் வண்டில ஆடு மேய்க்கிற அம்மா ஒருத்தங்க இருந்தாங்க. ரோட்டைக் கடக்கும்போது ஒரு வண்டி வேகமா வந்ததாம். ஆட்டை இழுத்துக்கிட்டு ஒதுங்கினவங்க பாலத்துக்குக் கீழ விழுந்துட்டாங்களாம். தலைல அடி."

"எந்த வண்டி?"

தமயந்தி அவர் முகத்தைப் பார்த்தார்.

"கண்ணாடில நான் அவர் வண்டியை மட்டும்தான் பார்த்துக்கிட்டு வந்தேன் சார்."

ஒரு லாரி வளைவைக் கடந்து போனது.

"அந்த அம்மா?"

"ஒம்பதாவது நாள் போயிட்டாங்க."

"உங்களை யாரும் கேட்கலையா?"

"சைரன் போட்ட வண்டியை யாரும் கேட்கமாட்டாங்க. நானாப் போய்ச் சொன்னேன். அவசரத்துல நடந்ததுன்னு எழுதிக்கிட்டாங்க. அது அவசரம் இல்லைன்னு எனக்கு மட்டும்தான் தெரியும். வேலையை விட்டுட்டேன்."

"ஞானதுரை?"

"அவருக்கு எல்லாம் தெரியும். பின்னாடி வந்தவர்தானே. யார்கிட்டயும் சொல்லலை. என்கிட்டயும் ஒரு வார்த்தை கேட்கலை. அந்த அம்மாவோட காரியத்துக்குப் போய் நின்னார்."

உலகநாதன் கையைப் பிசைந்துகொண்டு உட்கார்ந்திருந்தார். பிறகு சட்டைப்பையிலிருந்து போனை எடுத்தார்.

"கோமளம், சாயங்காலம் கோயிலுக்குப் போகணும். நீதான் ஓட்டணும்."

மறுமுனையில் பாத்திரத்தைக் கீழே வைக்கும் சத்தம் கேட்டது.

"நீங்க?"

"நான் பக்கத்துல உட்கார்ந்துக்கறேன். பேசமாட்டேன்."

"பேசினா?"

"வண்டியை நிறுத்திட்டு என்னை இறக்கி விட்டுடு."

அவள் சிரித்தாளா அழுதாளா என்று தெரியவில்லை. சரிங்க என்று மட்டும் கேட்டது. உலகநாதன் போனை வைத்தார். அவள் இன்று மாலை குலுங்காமல் வண்டியை எடுப்பாள், தெருவே பார்க்கும் என்ற நினைப்பு அப்போதும் அவர் நெஞ்சில் குத்தியது. அது குத்துவதை அவர் கவனித்தார். மனசு சோர்ந்துபோயிற்று.

"மாஸ்டர், ஒண்ணு கேட்கலாமா?"

"கேளுங்க."

"இவ்வளவு நடந்துபோச்சு. ஒரு உயிரே போயிடுச்சு. அந்த ஞானதுரை மேல உங்களுக்கு இருந்தது அதோட போயிடுச்சா?"

தமயந்தி எழுந்து, புடவையில் ஒட்டியிருந்த மண்ணைத் தட்டினார்.

"இல்லை சார். இன்னும் இருக்கு. அதனாலதான் மெதுவா ஓட்டுறேன்."