பெயர் கேட்ட கொக்கரை

"எனக்கு ஒரு பேர் இருக்கும்மா," என்றார் அம்பலத்தாடி.

சௌந்தரம் நிமிர்ந்து பார்க்கவில்லை. மடியில் கொக்கரையை வைத்து எண்ணெய் தடவிக்கொண்டிருந்தாள்.

"நல்ல பேருதானே அண்ணே," என்றாள்.

கொக்கரை என்பது ஊதுகிற வாத்தியம். கடாவின் கொம்புபோல முறுக்கி வளைந்திருக்கும். அந்த வட்டாரத்தில் ஆற்றங்கரைச் சிவன் கோயிலைத் தவிர வேறெங்கும் அதைப் பார்க்க முடியாது.

அந்தக் கோயிலில் வாத்தியம் வாசிக்கிற எல்லோருக்கும் குரு சௌந்தரம்தான். அம்பலத்தாடியைவிட வயதில் சிறியவள். அவரோ உப்பு வண்டி ஓட்டிக்கொண்டிருந்துவிட்டு, தலை நரைக்கத் தொடங்கின பிறகு சீடராகச் சேர்ந்து கொக்கரை ஊதக் கற்றுக்கொண்டவர். "மாட்டை அதட்டி அதட்டி வளர்த்த மூச்சு, வீணாப் போகக் கூடாது," என்று சொல்லித்தான் அவள் அவரைச் சேர்த்துக்கொண்டாள். அவர் அவளை அம்மா என்பார். அவள் அவரை அண்ணே என்பாள். இருவருக்கும் அது பொருத்தமாகவே இருந்தது.

"அந்த நல்ல பேரை யாரும்மா கூப்பிடுறா? தெருவுல இறங்கினா 'கொக்கரை வருது'ங்கிறான். வருதாம்! வர்றாருன்னு சொன்னா வாய் சுளுக்கிக்குமா?"

சௌந்தரத்துக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டாள்.

"அழுது அடம்பிடிக்கிற பிள்ளைக்கு அந்தப் பேரு. கோணிக்கிட்ட அகப்பைக்கு அந்தப் பேரு. சந்தையில விலை படியற வரைக்கும் விடாம கத்துற கிழவிக்கும் அதே பேரு. எங்கேயாவது கோழி கொக்கரிச்சா என்னைத் திரும்பிப் பார்த்துச் சிரிக்கிறான். நான் அடுத்த ஊர்ப் புலவர்கிட்டப் போய்க் கேட்டுட்டே வந்துட்டேன். சங்குன்னு பொருள் உண்டாம். வில்லுன்னு உண்டாம். அவ்வளவு பெரிய சொல்லு இந்த ஊர்ல கோழியாப் போச்சு."

"அப்போ இனிமே 'சங்கே'ன்னு கூப்பிடச் சொல்லட்டுமா?"

"கேலி பண்ணாதீங்கம்மா."

அவள் கொக்கரையைத் தூக்கி அவர் முகத்துக்கு நேரே காட்டினாள்.

"இதுக்கு என்ன பேரு?"

"கொக்கரை."

"கோவிச்சுக்கிச்சா?"

"அதுக்கென்ன? அதுக்குப் பிள்ளையா பொறக்கப் போகுது?"

சௌந்தரத்தின் கை நின்றது.

அங்கேதான் இருந்தது விஷயம். அம்பலத்தாடியின் மனைவி குஞ்சிதம் நிறைமாதமாக இருந்தாள். கல்யாணமாகி எத்தனையோ வருஷம் ஒன்றுமில்லை. ஊரே கேட்பதை விட்டுவிட்டது, அவர்களும் ஏங்குவதை விட்டுவிட்டார்கள். அதற்குப் பிறகு வந்த பிள்ளை. 'கொக்கரை குஞ்சு பொரிக்கப் போகுது' என்று ஊரில் சொல்லிச் சிரித்தார்கள். சந்தோஷத்தில்தான் சொன்னார்கள். ஆனாலும் அவருக்குச் சுருக்கென்றது.

"என் பிள்ளையைக் கொக்கரை மகன்னு சொல்லக் கூடாதும்மா. அம்பலத்தாடி மகன்னு சொல்லணும். எங்கப்பா ஆசையா வச்ச பேரு. சாமி முன்னாடி அதைச் சொல்லிக் கூப்பிடட்டும், ஊரும் தானாக் கூப்பிடும். முடியாதுன்னா சொல்லிடுங்க. நான் திரும்ப வண்டி கட்டிக்கிட்டுப் போயிடறேன்."

அந்தக் கோயிலை விட்டுப் போனால் அவர் என்ன ஆவார் என்று அவருக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும்.

சாமி முன்னாடி என்று அவர் சொன்னதற்குக் காரணம் உண்டு. சாயங்கால பூஜைக்கு முன்னால் அந்தக் கோயிலில் ஒரு வழக்கம். சன்னிதியில் திரை போட்டிருக்கும். கோயில் நிர்வாகம் பார்க்கிற மணியக்காரர் உலகநாதர் திரைக்கு முன்னால் நின்று வாத்தியங்களின் பெயரை ஒவ்வொன்றாகக் கூப்பிடுவார். மத்தளம் என்றால் மத்தளக்காரர் 'இருக்கு' என்று சொல்ல வேண்டும். சேகண்டி என்றால் சேகண்டிக்காரர் 'இருக்கு' என்று சொல்ல வேண்டும். கூப்பிட்ட பெயருக்கெல்லாம் பதில் வந்தால்தான் மணி அடிக்கும், திரை விலகும். ஒரு பெயருக்குப் பதில் வராவிட்டாலும் சாமி காத்திருக்க வேண்டியதுதான். அந்த விஷயத்தில் உலகநாதர் சாமிக்குக்கூடத் தாட்சண்யம் பார்க்க மாட்டார்.

"சரி அண்ணே," என்றாள் சௌந்தரம். "நாளையிலேருந்து உங்க பேரையே கூப்பிடச் சொல்றேன்."

அம்பலத்தாடி பெரிய வாக்குவாதத்துக்குத் தயாராகி வந்திருந்தார். அத்தனையும் வாயிலேயே தங்கிவிட்டது.

"நெஜமாவா?"

"நெஜமாத்தான். ஆனா ஒண்ணு. மாத்தச் சொன்னது நீங்க. திரும்ப மாத்தணும்னாலும் நீங்கதான் சொல்லணும்."

"நான் ஏம்மா சொல்லப் போறேன்?"

அவள் மறுபடி எண்ணெய் தடவ ஆரம்பித்தாள்.

மறுநாள் சாயங்காலம்.

"மத்தளம்!"

"இருக்கு."

"சேகண்டி!"

"இருக்கு."

உலகநாதர் ஒரு தரம் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"அம்பலத்தாடி!"

"இருக்கேன்!"

அவர் போட்ட சத்தத்தில் கோபுரத்துப் புறாவெல்லாம் கிளம்பிவிட்டன. அன்றைக்கு அவர் ஊதிய ஊதலில் மத்தளக்காரர் தாளத்தைக் கோட்டைவிட்டார்.

வீட்டுக்கு ஓட்டமும் நடையுமாக வந்து மனைவியிடம் சொன்னார்.

"நல்லதுதான்," என்றாள் குஞ்சிதம். அரிசி களைந்துகொண்டிருந்தாள்.

"நல்லதுன்னு சொல்ற மூஞ்சியா இது?"

"இனிமே நான் உங்கள என்னன்னு சொல்றது?"

அவருக்குப் புரியவில்லை.

அந்த ஊரில் பெண்டாட்டி புருஷன் பெயரைச் சொல்ல மாட்டாள். சொன்னால் ஆகாது என்று எல்லோரும் நம்பினார்கள், குஞ்சிதமும் நம்பினாள். 'ஏங்க' என்பார்கள், 'இந்தாங்க' என்பார்கள், 'எங்க வீட்டுக்காரர்' என்பார்கள். குஞ்சிதமும் அப்படித்தான் இருந்தாள், அவர் கோயிலில் சேரும் வரைக்கும். சேர்ந்த பிறகு அவளுக்கு ஒரு வசதி கிடைத்தது. காய்க்காரியிடம் 'எங்க கொக்கரைக்குக் கத்திரிக்காய் ஆகாது' என்பாள். கொல்லையிலிருந்து 'கொக்கரை, சாப்பிட வாங்க' என்று குரல் கொடுப்பாள்.

"தெருவுல எல்லாரும் புருஷனை இந்தாங்கன்னுதான் கூப்பிடுறா," என்றாள். "நான் ஒருத்திதான் வாய் நிறையக் கூப்பிட்டேன்."

"அது பேரு இல்ல குஞ்சிதம். வாத்தியம்."

"அதெல்லாம் எனக்குத் தெரியாது."

சோற்றுப் பானையை அடுப்பில் ஏற்றப் போய்விட்டாள். நாளானால் சரியாகிவிடும் என்று அவர் தனக்குள் சொல்லிக்கொண்டார்.

நாளாயிற்று. அவள் 'இந்தாங்க' என்றே கூப்பிட்டாள். ஒவ்வொரு தடவையும் வேறு யாரையோ கூப்பிடுகிறாள் என்று நினைத்து அவர் திரும்பாமல் இருந்துவிடுவார். இரண்டாம் தடவை கூப்பிட்ட பிறகுதான் திரும்புவார். ஊராரும் சொல்லிவைத்ததுபோல மாறிவிட்டார்கள். 'வாங்க அம்பலத்தாடி' என்று மரியாதையாகச் சொன்னார்கள். சொல்லிவிட்டுச் சிரிக்காமல் போய்விட்டார்கள். அது அவருக்கு என்னவோபோல இருந்தது. ஆனால் வெளியே சொல்லவில்லை.

ஒருநாள் பொழுது சாய்கிற நேரத்தில் குஞ்சிதத்துக்கு வலி கண்டது.

உள்ளூர் மருத்துவச்சி வேறெங்கோ பிரசவம் பார்க்கப் போயிருந்தாள். அடுத்த ஊரிலிருந்து ஒருத்தி வண்டியில் வந்து இறங்கினாள். இந்த ஊரில் அவளுக்கு யாரையும் தெரியாது. ஆண்களையெல்லாம் வாசலுக்குத் துரத்திவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டாள்.

அம்பலத்தாடி வாசலில் குட்டி போட்ட பூனையாக நடந்தார். உள்ளே குஞ்சிதம் பல்லைக் கடித்துக்கொண்டிருப்பது அவருக்குக் கேட்டது.

"கோயில் மணி இன்னும் அடிக்கலையே," என்றாள் பக்கத்து வீட்டுக்காரி.

தெரு விளக்கு ஏற்றியாகிவிட்டது. மணி அடிக்கவில்லை என்றால் திரை விலகவில்லை. திரை விலகவில்லை என்றால் அங்கே ஒரு பெயரைக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறார்கள். அது எந்தப் பெயர் என்று அவருக்குத் தெரியாதா?

உள்ளே குஞ்சிதம் வாய்விட்டு அலறினாள்.

ஒரு கால் வாசலில், ஒரு கால் தெருவில் நின்றார். பிறகு சாத்தியிருந்த கதவைப் பார்த்து, "இந்தா வந்துட்டேன்," என்று சொல்லிவிட்டு ஓடினார்.

கோயிலில் ஊரே நின்றுகொண்டிருந்தது. கற்பூரத் தட்டோடு குருக்கள் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். உலகநாதருக்குக் குரல் கம்மிவிட்டது.

"அம்பலத்தாடி!"

"இருக்கேன்," என்றார் மூச்சிரைக்க.

"எங்கேய்யா போனே?"

"வீட்ல வலி கண்டிருக்கு. நான் நிக்க முடியாது. யாராவது எனக்காக நின்னு ஊதுங்க."

"நின்னு ஊதலாம். ஆனா நீ போயிட்டா உன் 'இருக்கேன்' செல்லாதே. அம்பலத்தாடின்னு கூப்பிட்டா பதில் யார் சொல்றது?" என்றார் உலகநாதர். அவர் கோபத்தில் சொல்லவில்லை. அவருக்கும் வழி தெரியவில்லை.

அம்பலத்தாடி சௌந்தரத்தைத் தேடினார். தூண் ஓரமாக நின்றிருந்தாள்.

"அம்மா, போன ஆடியில நான் காய்ச்சல்ல கிடந்தேனே. அப்ப யார் பதில் சொன்னா?"

"நான்தான்."

"மாமனார் தவறினப்ப ஊருக்குப் போயிட்டேனே?"

"மத்தளக்காரர்."

மத்தளக்காரர் உதட்டைத் தடவிக்கொண்டார். "ஊதத் தெரியாம ஊதி உதடு வீங்கிப் போச்சு. ஒரு வாரம் கஞ்சிதான் குடிச்சேன்," என்றார்.

இதெல்லாம் அம்பலத்தாடிக்கு இதுவரை தெரியாது. அவர் கேட்டதும் இல்லை.

"அப்ப இன்னிக்கும் நீங்களே சொல்லியிருக்கலாமேம்மா."

"என்னன்னு சொல்றது அண்ணே? அம்பலத்தாடின்னு கூப்பிடுறார். நான் முன்னால வந்து 'இருக்கேன்'னு சொன்னா, குஞ்சிதம் அண்ணி என்னை வீட்டுக்குள்ள விடுவாங்களா?"

அத்தனை தவிப்பிலும் கூட்டம் சிரித்துவிட்டது. அம்பலத்தாடிக்குச் சிரிப்பு வரவில்லை. அவர் உலகநாதரிடம் திரும்பினார்.

"மணியம், பேரை மாத்திக் கூப்பிடுங்க."

"எந்தப் பேரை?"

அம்பலத்தாடி திரையைப் பார்த்துக் கைகூப்பினார்.

"கொக்கரைன்னு கூப்பிடுங்க."

உலகநாதர் அவரைப் பார்த்தார், சௌந்தரத்தைப் பார்த்தார். பிறகு இருந்த குரலையெல்லாம் கூட்டிக் கூப்பிட்டார்.

"கொக்கரை!"

"இருக்கு," என்றாள் சௌந்தரம்.

அவள் சொல்லி முடிப்பதற்குள் மத்தளக்காரரும் "இருக்கு" என்றார். அவருடைய உதடு இன்னொரு தடவை வீங்கத் தயாராக இருந்தது. சேகண்டிக்காரருக்குக் கொக்கரையை எந்தப் பக்கம் ஊதுவது என்றே தெரியாது. அவரும் "இருக்கு" என்றார். பெண்கள் பக்கத்திலிருந்துகூட யாரோ சொன்னார்கள்.

அம்பலத்தாடியின் கண் நிறைந்துவிட்டது. துடைக்கக்கூடத் தோன்றாமல் நின்றார். மணி அடித்தது. திரை அசைந்தது.

"ஒரு நிமிஷம் நின்னு கும்பிட்டுட்டு..." என்று ஆரம்பித்தார்.

"இங்கதான் இத்தனை பேர் இருக்கோமே," என்றாள் சௌந்தரம். கொக்கரையை எடுத்துத் தோளில் சாய்த்துக்கொண்டாள். "அங்க யார் இருக்கா? ஓடுங்க."

ஓடினார்.

கோயில் குளத்தைத் தாண்டும்போது பின்னாலிருந்து கொக்கரை கேட்டது. அவர் ஊதுகிற மாதிரி இல்லை. குருவுக்கு வித்தை அதிகம், மூச்சு குறைவு. நன்றாகத்தான் இருந்தது. ஓடிக்கொண்டே கேட்டார்.

வாசலில் அக்கம்பக்கத்து ஆண்கள் நின்றார்கள். கதவு பாதி திறந்திருந்தது. உள்ளே பச்சைக் குழந்தையின் அழுகை. அவர் அப்படியே நின்றுவிட்டார்.

மருத்துவச்சி ஈரக் கையோடு வெளியே வந்தாள். நின்றவர்களை ஒரு சுற்றுப் பார்த்தாள்.

"தாயும் பிள்ளையும் சௌக்கியம். ஆனா அந்தப் பொண்ணு உயிரை வாங்குது. பிள்ளையைக் காட்டினாக்கூடப் பார்க்க மாட்டேங்குது. கொக்கரை எங்கே, கொக்கரை எங்கேன்னு ஒரே புலம்பல். அது என்ன மருந்து? வீட்ல இருந்தா சீக்கிரம் கொண்டாங்க."

எல்லோரும் அம்பலத்தாடியைத் திரும்பிப் பார்த்தார்கள்.

"நான்தாம்மா அது," என்றார் அம்பலத்தாடி.